வாசலோடு நின்ற மூன்று விழுக்காடு

நாஞ்சில் நாட்டின் அண்மைக்கால வரலாற்றை எழுதப் புகுவோர், விண்ணப்பங்களின் வரலாற்றை விட்டுவிட்டு எழுத இயலாது. 1891-இல் மூலம் திருநாள் மகாராஜாவின் திருமுன் வைக்கப்பெற்ற மலையாளி மெமோரியல், 1896-இல் டாக்டர் பல்பு முன்னின்று அளித்த ஈழவ மெமோரியல், சட்டசபை இடத்தையும் உத்தியோகத்தையும் ஒருசேரக் கேட்ட 1930-களின் நிவர்த்தனக் கிளர்ச்சி ஆகிய யாவற்றிலும் ஊடாடி நிற்பது ஒரே பொருள்தான்: சர்க்கார் வேலை. அதன் விளைவாகவே 1936-இல் திருவிதாங்கூரில் பப்ளிக் சர்வீஸ் கமிஷனர் என்றொரு பதவி தோன்றிற்று. வயலும் தோப்பும் உள்ள வீட்டிலும் 'ஒருத்தனாவது சர்க்கார்ல இருக்கணும்' என்று மூத்தோர் சொல்லக் கேட்டு வளர்ந்தவர்கள் நாம்.

அம்மெமோரியல்களை இன்று படிக்கின்றவர் ஒன்றைக் கவனிக்கலாம். கீழ்நிலை வேலை கிடைக்கவில்லை என்பது மட்டும் அவற்றின் முறையீடன்று. உள்ளே நுழைந்தவர்களும் ஒரு நிலைக்கு மேல் ஏறவிடாமல் நிறுத்தப்படுகிறார்கள், மேற்பதவிகள் சிலருக்கே உரியனவாக இருக்கின்றன என்பதே அவற்றின் உள்ளெரிச்சல். நுழைவு வேறு, உயர்வு வேறு என்னும் இந்த நுட்பத்தை நம் முன்னோர் நூற்றிருபது ஆண்டுகளுக்கு முன்பே கண்டுகொண்டனர். ஆனால் அவ்விண்ணப்பங்களில் இடம்பெறாத ஒரு கூட்டம் உண்டு. கண்ணொளி இல்லாதவர், காது கேளாதவர், காலை இழுத்து நடப்பவர் ஆகியோர் சார்பாக அன்று எவரும் மெமோரியல் எழுதவில்லை. அவர்கள் வெகுகாலம் பின்னர் தாமே எழுத வேண்டியதாயிற்று. அரசுப் பணியிலும் பொதுத்துறை நிறுவனங்களிலும் மாற்றுத்திறனாளி ஊழியர்களின் பதவி உயர்வு உரிமை எங்ஙனம் உருவாயிற்று என்னும் அந்த வரலாற்றையே இங்குச் சொல்ல முனைகிறோம்.

தமிழ் படித்தவர்கள் இவ்விடத்தில் உடனே சங்க இலக்கியத்துக்குத் திரும்புவது வழக்கம். நாமும் சற்றுத் திரும்புவோம். புறநானூற்றின் 28-ஆம் பாடல் மக்கட் பிறப்பின் குறைகளை எட்டு வகையாக எண்ணுகிறது. எண்ணியபின் அவற்றை வாழ்வின் பேதைமையாக வைத்து, அக்குறையில்லாத அரசனுக்கு அறம் உரைக்கிறது. மணிமேகலையில் ஆதிரை இட்ட பிச்சையால் வளர்ந்த அமுதசுரபி காணார்க்கும் கேளார்க்கும் கால் முடப்பட்டோர்க்கும் சோறு வழங்குகிறது. இரக்கம் என்ற அளவில் இவை உயர்ந்தவையே. எனினும் இரண்டிலும் குறையுடையவர் பெறுகின்றவராகவே நிற்கிறார். மறுபுறம் பொருநராற்றுப்படை பாடிய முடத்தாமக்கண்ணியாரும், ஆய் அண்டிரனைப் பாடிய உறையூர் ஏணிச்சேரி முடமோசியாரும் அவையேறிய புலவர்கள். இறையனார் களவியல் உரை இடைச்சங்கத்தின் கடைசி அரசனாகவும் கடைச்சங்கத்தின் முதல் அரசனாகவும் சொல்லும் பாண்டியனின் பெயர் முடத்திருமாறன். இப்பெயர்களின் அடைமொழி உடற்குறையையே சுட்டுவதாகக் கொள்வது பெருவழக்கு. அவ்வாறாயின் முடம் என்ற சொல்லைத் தாங்கிய ஒருவன் சங்கம் வைத்துத் தமிழ் வளர்த்தான் என்றாகிறது. பிற்காலத்தில் ஒருவர் பார்வையற்றவரும் ஒருவர் நடக்க இயலாதவருமான இரட்டையர் கலம்பகமும் உலாவும் பாடிப் புகழ்பெற்றனர். புலமைக்கு மேல்வரம்பு கட்டாத மரபு இது. மேல்வரம்பு கட்டியது நவீன அலுவலகம்.

இது சற்றுக் கடுமையான கூற்றாகத் தோன்றலாம். ஒரு சட்டத்தைச் சான்றாக்குவோம். இரண்டாம் உலகப் போரில் உறுப்பிழந்தோர் திரும்பி வந்துகொண்டிருந்த காலத்தில், 1944-இல், பிரிட்டன் ஊனமுற்றோர் வேலைவாய்ப்புச் சட்டத்தை இயற்றியது. இருபது அல்லது அதற்கு மேற்பட்ட தொழிலாளரை உடைய முதலாளி ஒவ்வொருவரும் 3 விழுக்காட்டினரை ஊனமுற்றோரிலிருந்து எடுத்தல் வேண்டும் என்பது அதன் சாரம். அச்சட்டப்படி, 'இவர்களுக்கே உரியவை' என்று இரண்டு வேலைகள் 1946-இல் குறிக்கப்பட்டன. ஒன்று மின்தூக்கி இயக்குபவர் வேலை. மற்றொன்று வண்டி நிறுத்துமிடக் காவலர் வேலை. நாள் முழுதும் பிறரை மேல்தளங்களுக்கு ஏற்றிவிட்டுத் தாம் அதே பெட்டிக்குள் நிற்கும் ஒருவரைக் கற்பனை செய்து பாருங்கள். எள்ளலாக எழுத நினைத்த கதாசிரியனுக்குக்கூட இவ்வளவு பொருத்தமான உருவகம் வாய்த்திராது.

இந்தியாவில் கண்ணொளியற்றோர்க்கு நெடுங்காலம் வாய்த்தவை நாற்காலி பின்னும் வேலை, தொலைபேசி இணைப்பாளர் வேலை, இசையாசிரியர் வேலை. இவற்றுள் முதலிரண்டும் அலுவலகத்தில் தனித்து நிற்கும் பணியிடங்கள். மேலே அடுத்த படி என்று ஒன்று இல்லாதவை. பிரம்பு நாற்காலிகள் போய் நெகிழி நாற்காலிகள் வந்தபோதும், தானியங்கி இணைப்பகங்கள் வந்தபோதும் அவ்வேலைகளே கரைந்தன. 1980 மார்ச்சில் தில்லியில் வேலைவாய்ப்புக் கோரி ஊர்வலம் சென்ற பார்வையற்றோர்மீது காவல்துறை தடியடி நடத்தியது. இந்திய ஊனமுற்றோர் இயக்கத்தின் நினைவில் அந்நாள் ஆறாத வடுவாக நிற்கிறது.

அதற்கு மூன்றாண்டுகள் முன்னர், 1977 நவம்பரில், நடுவண் அரசு ஓர் ஆணையின்வழி சி, டி பிரிவுப் பணிகளில் 3 விழுக்காடு ஒதுக்கீட்டை அறிமுகப்படுத்தியிருந்தது. 1989 நவம்பரில் வந்த மற்றோர் ஆணை அப்பிரிவுகளுக்குள் பதவி உயர்விலும் ஒதுக்கீடு உண்டு என்றது. டி-யிலிருந்து சி-க்கும் சி-க்குள்ளேயும் ஏறலாம். அதற்கு மேல் ஏணி இல்லை. அதாவது எழுத்தர் எழுத்தராகவோ அதற்கு ஒரு படி மேலாகவோ ஓய்வுபெறலாம். கோப்பில் முடிவெழுதும் நாற்காலி அவருக்குரியதன்று. இந்த வரம்பை யாரும் தீய எண்ணத்தோடு வகுத்தார்கள் என்று நாம் கருதவில்லை. அமுதசுரபியின் மனநிலைதான் ஆணையாக உருமாறியிருந்தது. சோறு போதும் என்று நினைத்தார்கள்.

1995 டிசம்பரில் நாடாளுமன்றம் நிறைவேற்றிய ஊனமுற்றோர் சமவாய்ப்பு, உரிமைகள் பாதுகாப்பு மற்றும் முழுப்பங்கேற்புச் சட்டம் 1996 பிப்ரவரி 7-இல் நடைமுறைக்கு வந்தது. ஜாவேத் அபிதி முதலியோர் தில்லித் தெருவில் இறங்கிப் போராடியதன் பயன் அது. (வியப்பான தற்செயல்: பிரிட்டன் தன் பழைய 3 விழுக்காட்டு முறையைக் கைவிட்டுப் பாகுபாட்டுத் தடைச் சட்டம் இயற்றியதும் அதே 1995-இல்தான்.) நம் சட்டத்தின் 33-ஆம் பிரிவு ஒவ்வொரு நிறுவனத்திலும் 3 விழுக்காட்டுக்குக் குறையாத காலியிடங்களை ஒதுக்கச் சொன்னது, பார்வைக்குறைக்கு ஒன்று, செவிக்குறைக்கு ஒன்று, இயக்கக்குறைக்கும் மூளை முடக்குவாதத்துக்கும் ஒன்று. எந்தெந்தப் பணியிடங்கள் பொருத்தமானவை என்று அடையாளம் காணச் சொன்னது 32-ஆம் பிரிவு. பணிக்காலத்தில் ஊனமுற்றவரை வேலையிலிருந்து நீக்கவோ பதவியிறக்கவோ கூடாது என்றும், ஊனம் என்ற ஒரே காரணத்தால் பதவி உயர்வை மறுக்கலாகாது என்றும் கூறியது 47-ஆம் பிரிவு. 33-ஆம் பிரிவில் பிரிவு ஏ, பி, சி, டி என்ற வேற்றுமையே இல்லை என்பதை மனத்திற் கொள்ள வேண்டும். நேரடி நியமனம், பதவி உயர்வு என்ற வேற்றுமையும் இல்லை.

இல்லாத வேற்றுமையை உண்டாக்கியது 2005 டிசம்பர் 29-ஆம் நாளிட்ட நடுவண் அரசின் குறிப்பாணை. ஏ, பி பிரிவுகளில் நேரடி நியமனத்துக்கு மட்டுமே 3 விழுக்காடு. பதவி உயர்வுக்கு சி, டி பிரிவுகளில் மட்டுமே 3 விழுக்காடு என்று அது வரையறுத்தது. ஏ, பி பிரிவுப் பணியிடங்களுள் பெரும்பகுதி பதவி உயர்வால்தான் நிரப்பப்படும் என்பது அலுவலகம் தெரிந்தவர்க்கெல்லாம் தெரியும். ஒரு கையால் கொடுத்து மறு கையால் எடுத்துக்கொள்ளும் வித்தை இது. சட்டத்தின் ஒரு சொல் எவர் கையில் எவ்வளவு சொத்தைக் கொண்டு சேர்க்கும் என்பதை நாஞ்சில் நாட்டாருக்கு எவரும் கற்பிக்க வேண்டியதில்லை. கவிமணியின் மருமக்கள் வழி மான்மியமும், அதன் பின்னர் 1926-இல் வந்த நாஞ்சில்நாட்டு வெள்ளாளர் சட்டமும் நம் வீட்டுக் கதைகள். மூப்பு என்ற ஒன்றைக் கொண்டு காரணவர் எல்லாவற்றையும் ஆண்டது போலவே, அலுவலகத்தில் பணிமூப்பு என்ற சொல்லும் ஆண்டுவருகிறது.

அரசுத் தரப்பு இதற்குச் சொன்ன காரணத்தைச் சற்று விரித்துரைத்தல் வேண்டும். வழக்குகள் அனைத்தும் அதையே சுற்றி வந்தன. மண்டல் வழக்கு என்று நாம் அறியும் இந்திரா சாஹ்னி வழக்கில் 1992 நவம்பர் 16-ஆம் நாள் ஒன்பது நீதிபதிகள் அமர்வு தீர்ப்பளித்தது. அரசியலமைப்பின் 16(4)-ஆம் உறுப்பின்கீழ் வரும் ஒதுக்கீடு பதவி உயர்வுக்குப் பொருந்தாது என்றது அத்தீர்ப்பு. நாடாளுமன்றம் 1995-இல் 77-ஆம் திருத்தத்தைக் கொண்டுவந்து பட்டியல் சாதியினர், பழங்குடியினர்க்கு மட்டும் அத்தடையை நீக்கியது. ஊனமுற்றோரை அத்திருத்தம் குறிப்பிடவில்லை. ஆகவே அவர்களுக்குப் பதவி உயர்வில் ஒதுக்கீடு கிடையாது என்பது அரசின் வாதம்.

வாதம் கேட்க ஒழுங்காகத்தான் இருக்கிறது. ஆனால் அதே இந்திரா சாஹ்னி தீர்ப்பே இரண்டு வகை ஒதுக்கீடுகளைப் பிரித்துக் காட்டியிருந்தது. சாதியடிப்படையிலானது நெடுக்கு ஒதுக்கீடு. அது 16(4)-ஐச் சார்ந்தது. உடற்குறை அடிப்படையிலானது கிடக்கை ஒதுக்கீடு. அது சமவாய்ப்பைப் பேசும் 16(1)-ஐச் சார்ந்தது. தறியில் பாவும் ஊடும் போல, இரண்டாவது முதலாவதன் குறுக்கே ஓடுகிறது. கண்ணொளியற்ற ஒருவர் எந்தச் சாதிப் பட்டியலிலும் இருக்கலாம். அவர் அந்தப் பட்டியலுக்குள்ளேயே வைக்கப்படுவார். எனவே பாவுக்கு விதித்த தடையை ஊடுக்கும் விதித்தது போல அரசு பேசியது. இந்தப் பிழையைக் கண்டு சொல்ல உச்ச நீதிமன்றத்துக்கும் ஆண்டுகள் பல ஆயின.

முதல் உடைப்பு 2013 அக்டோபர் 8-இல் நிகழ்ந்தது. தேசியப் பார்வையற்றோர் கூட்டமைப்பு தொடுத்த வழக்கில் தீர்ப்பை எழுதியவர் அன்றைய தலைமை நீதிபதி, ஈரோடு மாவட்டத்தைச் சேர்ந்த ப. சதாசிவம். அடையாளம் காணப்பெற்ற பணியிடங்களை மட்டும் வைத்து 3 விழுக்காட்டைக் கணக்கிடும் முறை தவறு, மொத்தப் பணித்தொகுதியை வைத்தே கணக்கிட வேண்டும் என்றார் அவர். ஐம்பது விழுக்காடு என்னும் உச்சவரம்பு இவ்வொதுக்கீட்டுக்குப் பொருந்தாது என்றும் சொன்னார்.

அடுத்தது ஒலிபரப்பையும் ஒளிபரப்பையும் நடத்தும் பிரசார் பாரதி நிறுவனத்துப் பொறியாளர்களின் வழக்கு. அங்கு ஏ, பி பிரிவுப் பொறியியல் பணியிடங்கள் பல மாற்றுத்திறனாளிகளுக்கு ஏற்றவை என அரசே பட்டியலிட்டிருந்தது. ஆனால் அவை பதவி உயர்வால் நிரப்பப்படுபவை என்பதால் ஒதுக்கீடு தரப்படவில்லை. 'நீங்கள் இவ்வேலைக்குத் தகுதியானவர். ஆனால் இவ்வேலைக்கு நீங்கள் வரும் வழி எங்களிடம் இல்லை' என்றால் என்ன பொருள்? 2016 ஜூன் 30-இல் நீதிபதிகள் செலமேஸ்வர், சாப்ரே அமர்வு விடை சொன்னது. பணியிடம் பொருத்தமானது என்று அடையாளம் கண்டபின், அதை எந்த முறையில் நிரப்பினாலும் 3 விழுக்காடு தந்தே ஆக வேண்டும். இந்திரா சாஹ்னியின் தடை இங்குப் பொருந்தாது. ராஜீவ் குமார் குப்தா வழக்கு என்பது அதன் பெயர். அதன் சரிநிலை குறித்து ஐயம் எழுப்பப்பட்டு, கர்நாடகத்திலிருந்து சென்ற சித்தராஜு வழக்கில் பெரிய அமர்வுக்கு அனுப்பப்பட்டது. நரிமன், அனிருத்தா போஸ், சென்னை உயர்நீதிமன்றத்தில் நெடுங்காலம் பணியாற்றிய வெ. ராமசுப்பிரமணியன் ஆகிய மூவர் 2020 ஜனவரி 14-இல் அத்தீர்ப்பு சரியே என்று உறுதிசெய்தனர்.

இனி நமக்கு மிக அண்மையில் நிகழ்ந்த வழக்குக்கு வருவோம். நாகர்கோவிலிலிருந்து மேற்கே மார்த்தாண்டம் கடந்து களியக்காவிளை வரை சென்றால் தமிழ்நாடு முடிந்துவிடும். 1956 நவம்பர் 1-ஆம் நாளுக்கு முன்பு அவ்விடத்தில் எல்லை இல்லை. தோவாளை, அகஸ்தீஸ்வரம், கல்குளம், விளவங்கோடு என்ற நான்கு வட்டங்களும் அன்றுதான் சென்னை மாகாணத்தோடு இணைந்தன. ஒரே திருவிதாங்கூர் உத்தியோகத்தின் வாரிசுகளாகிய இரண்டு அரசு இயந்திரங்கள் இன்று அந்தச் சோதனைச் சாவடியின் இரு பக்கமும் நிற்கின்றன. அப்பக்கத்து இயந்திரத்தில், கேரளக் காவல்துறையின் அமைச்சுப் பணியில், ஒரு பெண் ஊழியர் 1996-இல் சேர்ந்தார். பணியில் இருந்த சகோதரர் இறந்துபோக, கருணை அடிப்படையில் கிடைத்த வேலை அது. இளம்பிள்ளைவாதத்தால் கால் பாதிக்கப்பட்டவர் அவர். துறைத்தேர்வுகளை எழுதி வென்றார். 1995-ஆம் ஆண்டுச் சட்டப்படி முதுநிலை எழுத்தர் பதவி 2002-இலும் காசாளர் பதவி 2012-இலும் தமக்கு வந்திருக்க வேண்டும் என்று கோரினார். தீர்ப்பாயம் மறுத்தது; கேரள உயர்நீதிமன்றம் 2020 மார்ச்சில் ஏற்றது; மாநில அரசு விடாமல் உச்ச நீதிமன்றம் சென்றது.

அங்கு அரசு முன்வைத்த வாதங்களுள் ஒன்று நம்மைத் தூங்கவிடாதது. அவர் ஊனமுற்றோர் ஒதுக்கீட்டில் வேலைக்கு வந்தவர் அல்லர், கருணையில் வந்தவர். ஆகவே ஊனமுற்றோருக்கான பதவி உயர்வை அவர் கேட்க முடியாது என்றனர். வாசல் எதுவோ அதுவே வாழ்நாள் முழுதும் அடையாளம் என்பதே இதன் பொருள். ஒருமுறை கருணையை வாங்கினால், பின் உரிமையை வாயெடுத்துக் கேட்கக் கூடாது! நீதிபதிகள் சஞ்சய் கிஷன் கவுல், சுபாஷ் ரெட்டி அமர்வு 2021 ஜூன் 28-இல் இதை ஏற்க மறுத்தது. ஊழியர் எந்த வழியில் நுழைந்தார் என்பது பொருட்டன்று. பணித்தொகுதிக்குள் வந்தபின் ஒரே தகுதியுடையோர் ஒரே வகையில் நடத்தப்பட வேண்டும். மாநிலத்தின் பணிவிதிகளில் இடமில்லை என்பதைக் காட்டிச் சட்டத்தின் கட்டளையைத் தோற்கடிக்க இயலாது. மூன்று மாதத்திற்குள் பதவி உயர்வு ஒதுக்கீட்டை நடைமுறைப்படுத்துக என்று ஆணையிட்டது. லீசம்மா ஜோசப் வழக்கு என்று சட்ட இதழ்களில் இன்று மேற்கோளாவது இதுவே. 1896-இல் திருவிதாங்கூர் அரசு விண்ணப்பதாரர்களுக்குச் சொன்ன சமாதானங்களோடு இக்காலத்து அரசின் வாதங்களை ஒப்பிட்டு எவரேனும் ஒரு கட்டுரை எழுதினால் நல்லது. மாணவர் எவர்க்காயினும் நல்ல ஆய்வுப் பொருள்.

இதற்கிடையே சட்டமும் மாறிவிட்டது. ஐக்கிய நாடுகள் மன்றத்தின் உடன்படிக்கையை இந்தியா 2007 அக்டோபர் 1-இல் ஏற்புறுதி செய்தது; அதன் 27-ஆம் உறுப்பு வேலையில் சேர்தல், தொடர்தல், உயர்தல் ஆகிய மூன்றையும் ஒருங்கே பேசுகிறது. அதற்கேற்ப 2016-இல் இயற்றப்பட்ட மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டம் 2017 ஏப்ரல் 19 முதல் நடைமுறையில் உள்ளது. ஏழாக இருந்த ஊன வகைகள் 21 ஆயின. 3 விழுக்காடு 4 ஆயிற்று. ஆனால் 34-ஆம் பிரிவின் வால்போல ஒரு காப்புரை ஒட்டப்பட்டது. பதவி உயர்வில் ஒதுக்கீடு என்பது உரிய அரசு அவ்வப்போது வெளியிடும் அறிவுரைகளின்படி அமையும் என்பதே அது. அவ்வப்போது என்னும் அச்சொல்லை அலுவலகங்கள் எப்போதாவது என்று படித்தன. நான்காண்டுகள் அறிவுரை எதுவும் வரவில்லை. 2021 செப்டம்பர் 28-இல் உச்ச நீதிமன்றம் மீண்டும் தலையிட்டு நான்கு மாதக் கெடு விதித்தது. 2022 மே 17-இல்தான் நடுவண் அரசின் குறிப்பாணை வந்தது. ஏ பிரிவின் முதற்படி வரையிலான பதவி உயர்வுகளில் 4 விழுக்காடு உண்டு என்றது. நேரடி நியமனம் 75 விழுக்காட்டுக்கு மேற்படாத பணித்தொகுதிகளுக்கு அது பொருந்தும். ஏ பிரிவுக்குள் அதற்கு மேலே உள்ள படிகள் இன்னும் அவ்வொதுக்கீட்டின் எல்லைக்கு அப்பாலேயே இருக்கின்றன.

தமிழ்நாட்டுக்கு இவ்வரலாற்றில் தனிப்பெருமையும் உண்டு, உறுத்தலும் உண்டு. இந்தியாவின் முதல் மாகாணத் தேர்வாணையம் 1929-இல் சென்னையில்தான் அமைந்தது. 2010-இல் மு. கருணாநிதி அரசு ஊனமுற்றோர் என்ற சொல்லை நீக்கி மாற்றுத்திறனாளிகள் என்ற சொல்லை ஆட்சிமொழியில் புகுத்தி, தனித்துறையும் அமைத்தது. சொல் மாறினால் எல்லாம் மாறிவிடுமா என்று அன்று சிலர் நகைத்தனர். தமிழாசிரியர் என்ற முறையில் நாம் அவர்களோடு உடன்படவில்லை. ஊனம் என்பது இழப்பைச் சுட்டுவது. திறன் என்பது பணிக்குரிய சொல். பதவி உயர்வுக்குத் திறன் வேண்டும் என்று வாதிடுவோரை, அச்சொல்லே தன் பெயராகக் கொண்டவர் எதிர்கொள்கிறார்.

உறுத்தல் மற்றொன்று. 2014-இல் உரிமையியல் நீதிபதி பதவிக்கு வெளியிட்ட அறிவிக்கையில், பகுதிப் பார்வைக்குறையுடையோர் 40 முதல் 50 விழுக்காடு குறை உடையவராக மட்டுமே இருத்தல் வேண்டும் என்று தமிழ்நாடு வரம்பிட்டது. அதனினும் மிகுந்த பார்வைக்குறையுடைய ஒரு வழக்கறிஞர், அரசு வழக்கு நடத்துநராக நீதிமன்றங்களில் வழக்காடி வந்தவர், விலக்கப்பட்டார். 2019 ஜனவரியில் சுரேந்திர மோகன் வழக்கில் உச்ச நீதிமன்றம் அவ்வரம்பு சரி என்றது. வழக்காடத் தகுதியுடையவர் அதே அறையில் மேடைமேல் அமரத் தகுதியற்றவரானார். 2021 பிப்ரவரியில் விகாஷ் குமார் வழக்கில் மூன்று நீதிபதிகள் அத்தீர்ப்பின் அடிப்படையே புதிய சட்டத்துக்குப் பொருந்தாது என்றனர். 2025 மார்ச் 3-இல் நீதிபதிகள் பர்திவாலா, மகாதேவன் அமர்வு, பார்வையின்மை காரணமாக எவரையும் நீதித்துறைப் பணியிலிருந்து விலக்க முடியாது என்று முடித்துவைத்தது. இது நியமனம் பற்றிய வழக்கு, பதவி உயர்வு பற்றியதன்று என்று ஒருவர் சொல்லலாம். வழக்காடும் இடத்திலிருந்து தீர்ப்பெழுதும் இடத்துக்குச் செல்லும் அந்தச் சில அடிகளை வேறு என்னவென்று அழைப்பது? சென்னையைச் சேர்ந்த பினோ செஃபைன் ஒரு பொதுத்துறை வங்கியின் அதிகாரியாக இருந்து 2015-இல் இந்திய வெளியுறவுப் பணியில் சேர்ந்தபோது, முழுமையாகப் பார்வையற்ற ஒருவர் அப்பணிக்கு வருவது அதுவே முதன்முறை. நாடு விடுதலை பெற்று 68 ஆண்டுகள் ஆகியிருந்தன.

நம் மாவட்டத்துக்கு வருவோம். மணவாளக்குறிச்சியில் நடுவண் அரசின் அருமணல் ஆலை, நாகர்கோவிலைத் தலைமையிடமாகக் கொண்ட அரசு ரப்பர் கழகம், முன்பு நேசமணி பெயரால் வழங்கிய போக்குவரத்துக் கழகத்தின் பணிமனைகள், பொதுத்துறை வங்கிக் கிளைகள், மின்வாரியம், வருவாய்த்துறை என நம் வீடுகளின் வருமானம் இவற்றையே சுற்றுகிறது. இவற்றுள் போக்குவரத்துக் கழகம் தனித்துக் குறிப்பிடத்தக்கது. பிறவியில் குறையில்லாதவரும் அங்குப் பணியிலேயே குறையுற நேர்கிறது. விபத்தில் கால் இழந்த ஓட்டுநர், பார்வை மங்கிய நடத்துநர் ஆகியோரை மருத்துவத் தகுதியின்மை என்று வெளியேற்றும் வழக்கம் முன்பு பரவலாக இருந்தது. 2003-இல் கால் அகற்றப்பட்ட ஒரு காவலரின் வழக்கில், அதாவது குணால் சிங் வழக்கில், 47-ஆம் பிரிவின் காப்பு கட்டாயமானது என உச்ச நீதிமன்றம் கூறியபின், சென்னை உயர்நீதிமன்றமும் 2004-இல் அமைந்த மதுரைக் கிளையும் ஓட்டுநர்கள் பலருக்கு மாற்றுப்பணி பெற்றுத் தந்துள்ளன. ஆனால் மாற்றுப்பணி என்பது பெரும்பாலும் பணிமனையின் ஓர் ஓரத்து நாற்காலி. ஊதியம் காக்கப்படும், அங்கிருந்து அடுத்த படி எது என்ற கேள்விக்கு எளிதில் விடை கிடைக்காது.

சட்டமும் தீர்ப்பும் சேர்ந்து கொடுத்த பின்னரும் பதவி உயர்வு கைநழுவும் ஒரு வழி உண்டு. அதை வெளியார் அறியார். இளநிலை உதவியாளராக இருப்பவர் உதவியாளர் ஆகும்போது ஊர் மாற்றமும் உடன் வரும். நாகர்கோவிலில் தாழ்வாரத்தில் சக்கர நாற்காலி செல்லும் அலுவலகத்தில் இருப்பவர்க்கு, மலையடிவாரத்தில், மாடியில், சாய்தளம் இல்லாத அலுவலகத்தில் இடம் ஒதுக்கப்படும். பேருந்து இரண்டு மாற வேண்டும். அவர் என்ன செய்வார்? பதவி உயர்வைத் தற்காலிகமாகத் துறப்பதாக எழுதிக் கொடுப்பார். ஏட்டில் அது அவருடைய விருப்பம். இளையவர் மூத்தவராவார்; சில ஆண்டுகள் கழித்து அந்த இளையவரிடமே விடுப்பு விண்ணப்பம் நீட்ட வேண்டியிருக்கும். நாம் அறிந்த ஒருவர் இவ்வாறு இருமுறை எழுதிக் கொடுத்தார். மூன்றாம் முறை அவரிடம் கேட்கவே இல்லை. எப்படியும் துறப்பார் என்று அலுவலகமே முடிவுசெய்துவிட்டது. மாற்றுத்திறனாளி ஊழியர்களைச் சுழற்சி இடமாறுதலிலிருந்து விலக்கவும், பதவி உயர்வின்போதும் இயன்றவரை அதே பணியிடத்தில் வைக்கவும் நடுவண் அரசு 2014 மார்ச் 31-இல் வழிகாட்டியது. 2016-ஆம் ஆண்டுச் சட்டம் இதனை நியாயமான தகவமைப்பு என்ற கோட்பாடாகவே ஆக்கியிருக்கிறது. ஒரு சாய்தளமும் தரைத்தளத்தில் ஒரு மேசையும் கேட்பது சலுகையன்று என்பதே அக்கோட்பாட்டின் பொருள். அவை இல்லாத இடத்துக்கு உயர்வு தருவது உயர்வை மறுப்பதாகும்.

நூறு புள்ளிகள் கொண்ட பதிவேடு ஒன்றின்வழியே இவ்வொதுக்கீடு கணக்கிடப்படுகிறது. 3 விழுக்காடாக இருந்த காலத்தில் 1, 34, 67 ஆகிய புள்ளிகள் ஒதுக்கீட்டுக்கு உரியன. 2018 ஜனவரியில் நடுவண் அரசு வகுத்த முறைப்படி 1, 26, 51, 76 ஆகியன உரியன. ஒவ்வொரு கூறிலும் முதற்புள்ளியில் தகுந்தவர் இல்லையெனில் அக்கூறின் பிற புள்ளிகளில் நிரப்ப வேண்டும். அப்போதும் இயலாவிடில் அடுத்த நியமன ஆண்டுக்குக் கொண்டுசெல்ல வேண்டும். அப்பதிவேடு ஒவ்வொரு நிறுவனத்திலும் இருத்தல் வேண்டும். இராத இடத்தில் தீர்ப்புகள் யாவும் காகிதமே. தமிழ்நாட்டில் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின்கீழ் விண்ணப்பக் கட்டணம் பத்து ரூபாய். கேட்க வேண்டிய வினாக்களும் மிகுதியில்லை: பதவி உயர்வுக்கெனத் தனிப் பதிவேடு எந்த ஆண்டு திறக்கப்பட்டது, முதற்புள்ளியில் யார் பெயர் உள்ளது, நிரப்பாது விட்ட புள்ளிகள் எத்தனை, துறப்புக் கடிதம் கொடுத்தோர் எத்தனை பேர், அவர்களுக்கு ஒதுக்கப்பட்ட அலுவலகம் எந்தத் தளத்தில் இருந்தது.